கத்தரித்து ஒட்டிய காகிதங்கள்

பதினெட்டு வருஷங்களுக்கு முன் நான் எழுதிய கட்டுரை ஒன்று, போன மாதம் அச்சுப் புரூபாக என் மேஜைக்குத் திரும்பி வந்து சேர்ந்தது. என் முதல் கட்டுரைத் தொகுதியைப் பதிப்பாளர் மறுபடியும் போடுகிறார். அதில் ஏழாவது கட்டுரை. தலைப்பு: ‘அரசலாறு போதும்.’

அப்போது எனக்கு வயசு இருபத்தைந்து. இரண்டு நாவல் எழுதியிருந்தேன். இரண்டாவதற்குக் கொஞ்சம் பேர் கிடைத்திருந்தது. பேர் கிடைத்த கையோடு அபிப்பிராயங்களும் நிறையக் கிடைத்துவிடுகின்றன. கும்பகோணத்தில் பிறந்தவனுக்கு அரசலாற்றங்கரையில் அகப்படாத கதை வால்கா நதிக்கரையில் என்ன அகப்படப்போகிறது என்பது என் கேள்வி. நம் தெரு, நம் திண்ணை, நம் மனிதர்கள், இவ்வளவு போதும். பிற தேசத்து நாவலைப் படிக்கிறவன் பார்வை கெட்டுப்போகும், மொழிபெயர்க்கிறவன் கையே கெட்டுப்போகும் என்று ஆறு பக்கத்துக்கு முழங்கியிருந்தேன்.

அதோடு நின்றிருந்தால் இளமையின் துடுக்கு என்று விட்டுவிடலாம். எங்கள் தெருவில் ஒரு ரிடையர்டு போஸ்ட்மாஸ்டர் இருந்தார். ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு கோடு போட்ட நோட்டுகளில், துர்கனேவின் நாவல் ஒன்றை ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கிக்கொண்டிருந்தார். பிறருடைய கடிதங்களையே ஆயுள் முழுதும் கொண்டுபோய்க் கொடுத்துப் பழகியவருக்குச் சொந்தமாக ஒரு கார்டு எழுதக்கூடத் தோன்றாது என்று என் கட்டுரையில் ஒரு வாக்கியம் இருக்கிறது. பேர் போடவில்லை. பேர் வேண்டியிருக்கவில்லை, ஊரே சிரித்தது. அடுத்த வாரம் அவர் கடைத்தெருவில் என்னைப் பார்த்து, “கட்டுரை படிச்சேன் தம்பி. நடை சுத்தமா இருக்கு” என்று சொல்லிவிட்டுக் குடையை விரித்துக்கொண்டு போனார். அதற்கப்புறம் என்னிடம் புஸ்தகங்களைப் பற்றி அவர் பேசவே இல்லை.

அந்தக் கட்டுரையில் உள்ள ஒரு வரியைக்கூட இன்றைக்கு நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். எந்தத் தேதியில் மனசு மாறியது என்று கேட்டால் சொல்லத் தெரியாது. என் நாவல் ஒன்று மலையாளத்தில் வந்து, பாலக்காட்டிலிருந்து யாரோ ஒரு வாசகர், அதில் வரும் பாட்டி தம்முடைய பாட்டியேதான் என்று கடிதம் போட்டபோது கொஞ்சம் மாறியிருக்கலாம். அதற்கு முன்னாலேயே மாறியிருக்கலாம். இப்போது கேள்வி, இந்தப் புரூபை என்ன செய்வது என்பது. எடுத்துவிடலாம். திருத்தலாம். திருத்தினால் யாருக்குத் தெரியப்போகிறது?

இந்த யோசனையில் புரூபைத் தொடாமல் பத்து நாள் கடத்தினேன். அந்தப் பத்து நாளில்தான், திருவல்லிக்கேணி நடைபாதையில் எப்போதோ மலிவாக வாங்கிப்போட்டிருந்த தடிப் புஸ்தகம் ஒன்று கைக்கு அகப்பட்டது. ஆர்தர் வாண்டன்பர்க் என்ற அமெரிக்க ஸெனட்டரின் டைரிக் குறிப்புகளையும் கடிதங்களையும் அவர் மகன் தொகுத்து 1952-இல் வெளியிட்டது. இந்த மனிதரின் பேரை எத்தனை வாசகர்கள் கேள்விப்பட்டிருப்பார்களோ, தெரியாது. நம் ஊரில் ரூஸ்வெல்ட்டைத் தெரியும், ட்ரூமனைத் தெரியும். அவர்களுடைய எதிர்க்கட்சியில் உட்கார்ந்திருந்தவரை யார் ஞாபகம் வைத்துக்கொள்கிறார்கள்?

ஆனால் அந்த நாட்டில் எதிர்க்கட்சி ஸெனட்டர் சாமானியப்பட்டவர் அல்ல. பிரஸிடெண்ட் வெளிநாட்டோடு ஓர் உடன்படிக்கையில் கையெழுத்துப் போட்டுவிட்டால் காரியம் முடிந்துவிடாது. ஸெனட்டில் ஓட்டுப் போடுகிறவர்களில் மூன்றில் இரண்டு பங்குப் பேர் சரி என்று சொல்லவேண்டும். முதல் உலக யுத்தம் முடிந்ததும் பிரஸிடெண்ட் வில்ஸன் சர்வதேச சங்கம் என்று ஒன்றை உண்டாக்கி, ஐரோப்பா முழுவதையும் அதற்கு இணங்கச் செய்துவிட்டு ஊருக்குத் திரும்பினார். 1920 மார்ச்சில் கடைசித் தடவையாக ஓட்டு எடுத்தபோது 49 பேர் ஆதரவு, 35 பேர் எதிர்ப்பு. ஏழு ஓட்டுக் குறைந்தது. சங்கத்தை உண்டாக்கிய நாடே அதில் சேராமல் போயிற்று. ஏழு பேர்! நம் கிராமத்துக் கோயில் கமிட்டியில்கூட ஏழு பேரை எப்படியாவது சரிக்கட்டிவிடலாம்.

வாண்டன்பர்க் 1884-இல் மிச்சிகன் ராஜ்யத்தில் கிராண்ட் ராப்பிட்ஸ் என்ற ஊரில் பிறந்தவர். தகப்பனார் குதிரைச் சேணம் செய்து விற்றவர். 1893-இல் வந்த பண நெருக்கடியில் கடை முழுகியது. ஒன்பது வயசுப் பையன் கைவண்டி தள்ளிச் சரக்குக் கொண்டுபோய்க் கொடுத்துச் சம்பாதிக்க வேண்டிவந்தது. பிற்பாடு சர்வகலாசாலையில் சட்டம் படிக்கச் சேர்ந்து, ஒரே வருஷத்தில் பணம் இல்லாமல் வெளியே வந்தார். இரண்டு வருஷத்தோடு கல்லூரியை விட்டவன் என்ற முறையில் எனக்கு இந்த இடத்தில் அவரிடம் கொஞ்சம் பாசம் ஏற்பட்டது. உள்ளூர்ப் பத்திரிகையில் வேலைக்குப் போய், 22-ஆம் வயசில் அதற்கு ஆசிரியராகவே ஆகிவிட்டார். பத்திரிகைகளுக்குச் சிறுகதை எழுதினார். அலெக்ஸாண்டர் ஹாமில்டனைப் பற்றிப் புஸ்தகம் எழுதினார். அமெரிக்காவில் பிறந்தவர்களுக்குள்ளே ஹாமில்டனைப் போல் மனிதர் இல்லை என்பது அவர் கட்சி. (ஹாமில்டன் பிறந்தது மேற்கிந்தியத் தீவில். ஆசிரியர்களுக்கு இந்த மாதிரிச் சில்லறைச் சங்கதிகள் குறுக்கே வருவதில்லை.)

1928-இல் மிச்சிகனின் ஸெனட்டர் ஒருவர் காலமாக, அந்த இடத்துக்கு இவரை நியமித்தார்கள். பெரிய உருவம், கையில் சுருட்டு, வழுக்கையை மறைத்து வாரிவிட்ட நாலு மயிர். எளிய சொல் ஒன்று இருக்கும்போதே கனமான சொல் மூன்றைத் தேடுகிற பேச்சு. உட்கார்ந்தபடியே நெஞ்சை நிமிர்த்தி நடை போடக்கூடிய ஒரே ஸெனட்டர் என்று அவரைக் கேலி செய்வார்களாம். தம்மைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்ததை எல்லாம் கத்தரித்துப் பெரிய நோட்டுகளில் தாமே ஒட்டிவைப்பார். எழுத்தாளர்கள் இதைப் படித்துச் சிரிக்க வேண்டாம். அவரவர் அலமாரியில் கீழ்த்தட்டு எப்படி இருக்கிறது என்பது அவரவருக்குத் தெரியும்.

1930-களில் அவர் பிடித்த கட்சி, அமெரிக்கா தன் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு இருக்கவேண்டும் என்பது. அதை மடத்தனம் என்று இன்றைக்குச் சுலபமாகச் சொல்லிவிடலாம். அந்தக் காலத்து ஆளாக இருந்து பார்த்தால் அப்படித் தோன்றாது. முதல் யுத்தத்தில் 1,16,000-க்கு மேற்பட்ட அமெரிக்கர்கள் செத்தார்கள். எதற்காகச் செத்தார்கள் என்று கேட்டபோது யாராலும் திருப்தியான பதில் சொல்ல முடியவில்லை. ஐரோப்பா பழையபடியே சண்டைக்கு மார்தட்டியது. வாங்கிய கடனையும் திருப்பவில்லை. பீரங்கி வியாபாரிகளும் பாங்கிக்காரர்களும் லாபத்துக்காக நம்மை இழுத்துவிட்டார்களா என்று விசாரிக்க 1934-இல் ஸெனட் ஒரு கமிட்டி போட்டது. அதற்குத் தீர்மானம் கொண்டுவந்தவர்கள் ஜெரால்ட் நை என்பவரும் நம் வாண்டன்பர்க்கும். அந்தச் சூட்டில்தான் 1935 முதல் 1937 வரை நடுநிலைச் சட்டங்கள் வந்தன. சண்டை போடுகிறவனுக்கு ஆயுதம் விற்காதே, கடன் கொடுக்காதே, அவன் கப்பலில் பிரயாணம் செய்யாதே. இரண்டு பக்கமும் இரண்டு மகா சமுத்திரம். கோட்டைக்கு அகழி வெட்டுவார்களே, அதைப் பகவானே வெட்டிக்கொடுத்திருக்கிறார். பிறகு என்ன பயம்?

1939-இல் ஐரோப்பாவில் யுத்தம் மூண்டதும், ஆயுத விற்பனைத் தடையை நீக்கவேண்டும் என்றார் ரூஸ்வெல்ட். வாண்டன்பர்க் எதிர்த்தார், தோற்றார். 1941 மார்ச்சில், பிரிட்டனுக்கு ஆயுதங்களை இரவலாகவும் குத்தகையாகவும் கொடுக்கும் மசோதா வந்தது. எதிர்த்தார்; 60-க்கு 31 என்று தோற்றார். அமெரிக்கக் குடியரசு தன் கையாலேயே தற்கொலை செய்துகொள்வதைப் பக்கத்தில் நின்று பார்ப்பதுபோல் இருந்தது என்று டைரியில் எழுதிக்கொண்டார். அவர் டைரியில் வாய்ச்சவடால் உண்டு. பொய் இல்லை என்று எனக்குப் படுகிறது. அன்றைக்கு மனசாரவே துக்கப்பட்டிருக்கிறார்.

இனி நான் சொல்லப்போகிற காட்சியை ஒரு நாவலில் எழுதியிருந்தால், பத்திரிகாசிரியர் ‘ரொம்பவும் ஜோடித்ததாக இருக்கிறது’ என்று அடித்துவிடுவார். 1941 டிசம்பர் 7, ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். வாஷிங்டனில் தம் அறையில் உட்கார்ந்து, கத்தரிக்கோலும் கோந்துமாக, யுத்தத்தில் சேரக்கூடாது என்று தாம் இத்தனை வருஷமாக நடத்திய போராட்டத்தைப் பற்றிய பத்திரிகைத் துண்டுகளை நோட்டில் ஒட்டிக்கொண்டிருந்தார் வாண்டன்பர்க். டெலிபோன் அடித்தது. பேர்ல் துறைமுகத்தில் ஜப்பான் குண்டு போட்டுவிட்டது.

அன்று பிற்பகலே தம் கருத்து மாறி உறுதிப்பட்டுவிட்டது என்று பிற்காலத்தில் அவரே குறித்திருக்கிறார். நடைமுறை தெரிந்தவன் எவனுக்கும் ஒதுங்கி வாழும் கொள்கை அன்றோடு தீர்ந்தது என்றும் சொன்னார். இங்கே நான் அவரோடு கொஞ்சம் தகராறு செய்யவேண்டும். பாத்திரங்களை மனம் மாற வைப்பது என் பிழைப்பு. மனிதன் மாறி முடித்த பிறகுதான், மாறியதற்கு ஒரு தேதி கண்டுபிடிக்கிறான். அதற்கு டெலிபோன் மணி, ரயில் ஊதல், யாராவது ஒருவருடைய சாவு என்று தோதாக ஏதாவது கிடைக்கும். வாண்டன்பர்க் மாறுவதற்குப் பிடித்த காலம் மூன்று வருஷம். அந்த மூன்று வருஷமும் அவர் குறிப்புகளில் தடுமாற்றமாக இருக்கிறது. யுத்தத்துக்கு ஓட்டுப் போடுகிறார். ஆனால் நான் முன்னே சொன்னது தப்பு என்று அர்த்தமில்லை என்று முணுமுணுக்கிறார். ரூஸ்வெல்ட்டை நம்பவில்லை. ரஷ்யாவையும் நம்பவில்லை. போலந்தின் கதியைப் பற்றி அவருக்கு உண்மையான கவலை; மிச்சிகனில் போலந்திலிருந்து வந்து குடியேறிய வாக்காளர்கள் ஏராளம் என்பதும் உண்மை. கவலையும் கணக்கும் ஒரே மனசில் ஒன்றாகக் குடியிருக்க முடியும். பெரும்பாலும் அப்படித்தான் குடியிருக்கின்றன.

1943 செப்டம்பரில் அவருடைய ராஜ்யத்திலேயே, மாக்கினா தீவு என்ற இடத்தில், குடியரசுக் கட்சித் தலைவர்கள் கூடினார்கள். யுத்தத்துக்குப் பின் உலக அமைப்பு ஒன்றில் சேருவதா, கூடாதா? சேரவேண்டும் என்று ஒரு கோஷ்டி. கூடாது என்று ஒரு கோஷ்டி. தீர்மானத்தின் வாசகத்தை எழுதும் வேலை வாண்டன்பர்க்கிடம் வந்தது. ‘இறையாண்மையுள்ள தேசங்களின் கூட்டுறவு அமைப்பில் பொறுப்போடு பங்கெடுத்துக்கொள்வது’ என்கிற மாதிரி ஒரு வாசகத்தைச் செய்தார். ‘இறையாண்மையுள்ள’ என்பது ஒரு கோஷ்டிக்கு. ‘கூட்டுறவு’ என்பது மற்றதற்கு. இரண்டு பேரும் கை தட்டினார்கள். மழுப்பல் என்று சொல்லலாம். ஆனால் அந்த வாசகத்தைச் செதுக்கும்போதே அது செதுக்குகிறவரையும் செதுக்கியிருக்கிறது. தாம் எழுதியதை அவரே நம்ப ஆரம்பித்துவிட்டார். எழுதுகிறவர்களுக்கு இந்த அனுபவம் புதிதல்ல.

1945 ஜனவரி 10. அன்றைக்கு ஸெனட்டில் அவர் பேசிய பேச்சுத்தான் அவர் பேரை நிலைநிறுத்தியது. அதற்காகத் தம் டைப்ரைட்டரில் பிரதி மேல் பிரதியாக அடித்து, கிழித்து, மறுபடி அடித்திருக்கிறார். சமுத்திரங்கள் இனிமேல் நம்மைத் தாமாகக் காக்கும் அகழிகள் அல்ல என்றார். இரும்புக்குச் சிறகு முளைத்துவிட்டது. ரத்தமும் சதையும் அதோடு போட்டி போட முடியாது என்றார். யுத்தம் இன்றைக்கு எல்லாவற்றையும் நசுக்கிக்கொண்டு போகும் ‘ஜகர்நாட்’ ஆகிவிட்டது என்றார். இந்தச் சொல் வேறு ஒன்றுமில்லை, நம் பூரி ஜகந்நாதர்தாம். அவர் தேரைப் பார்த்துப் பயந்துபோன வெள்ளைக்காரர்கள் இங்கிலீஷுக்குக் கொண்டுபோன சொல், சுற்றிச் சுற்றி அமெரிக்க ஸெனட்டுக்கு வந்து சேர்ந்திருக்கிறது. ஜகந்நாதர் கோபித்துக்கொள்ள மாட்டார் என்று நம்புகிறேன்.

பேச்சின் சாரம் ஒரு யோசனை. ரஷ்யா பக்கத்து நாடுகளை விழுங்கப் பார்ப்பதற்குச் சொல்லுகிற காரணம், ஜெர்மனி மறுபடி எழுந்துவிடுமோ என்ற பயம். சரி, ஜெர்மனியும் ஜப்பானும் மறுபடி ஆயுதம் எடுக்க விடமாட்டோம் என்று பெரிய நேச நாடுகள் எல்லாம் இன்றைக்கே ஓர் உடன்படிக்கை செய்துகொள்வோம். பயத்துக்குக் காரணம் போய்விட்டால் விழுங்குவதற்கும் சாக்குப் போய்விடுகிறது. பதினேழு வருஷமாகக் கதவைச் சாத்து, சாத்து என்று கத்தியவர், கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்து, முதல் ஆளாக நான் கையெழுத்துப் போடுகிறேன் என்கிறார்! சபை ஸ்தம்பித்துப்போயிற்று. மறுநாள் பத்திரிகைகள் எல்லாம் அதே பேச்சு.

நான் கவனித்தது வேறொன்று. அந்தப் பேச்சில் எங்கேயும் அவர் மார்பில் அடித்துக்கொண்டு அழவில்லை. சொந்தக் காலில் நிற்கவேண்டும் என்று எப்போதும் நம்பினவன் நான், இப்போதும் நம்புகிறேன் என்று சொல்லிக்கொண்டு, அதே மூச்சில், இனி எந்தத் தேசமும் தன் சொந்தக் காரியத்தால் மட்டும் தன்னைக் காத்துக்கொள்ள முடியும் என்று நான் நம்பவில்லை என்கிறார். பழைய வாக்கியத்தை வெட்டிப் போடவில்லை. அதை வைத்துக்கொண்டே பக்கத்தில் புது வாக்கியம் ஒன்றை நிறுத்துகிறார். இது சாமர்த்தியமா, நேர்மையா? முதல் தடவை படித்தபோது சாமர்த்தியம் என்று தோன்றியது. மிச்சிகனில் அவரை நம்பி ஓட்டுப் போட்டவர்கள் தாங்களும் மானம் போகாமல் அவர் பின்னால் வரவேண்டாமா, அதற்கு ஒரு பாலம் வேண்டாமா என்று யோசித்தபோது, சாமர்த்தியம் என்ற சொல் அவ்வளவாகப் பொருந்தவில்லை. ‘நான் முட்டாளாக இருந்தேன்’ என்று அவர் அறிவித்திருந்தால், தன்னையும் முட்டாள் என்று சொல்லிக்கொள்ளத் தயாராக இருக்கிறவன் மட்டுமே கூட வந்திருப்பான். அப்படி எத்தனை பேர் இருப்பார்கள்?

ரூஸ்வெல்ட் அவரை, ஐக்கிய நாடுகளின் சாஸனத்தை எழுத ஸான் பிரான்ஸிஸ்கோவில் கூடிய மகாநாட்டுக்குப் பிரதிநிதியாக நியமித்தார். 1945 ஏப்ரல் 25-இல் மகாநாடு தொடங்கியபோது ரூஸ்வெல்ட் உயிரோடு இல்லை. அந்த மகாநாட்டில் இந்தியாவின் பிரதிநிதிக் கோஷ்டிக்குத் தலைவராக வந்திருந்தவர் நம் சர் ஏ. ராமசாமி முதலியார். பொருளாதார, சமூக விஷயங்களைக் கவனித்த கமிட்டிக்கு அவர்தான் அக்கிராசனர். அடிமை நாட்டின் பேரால் வெள்ளைக்கார சர்க்கார் அனுப்பிய ஆள் என்று அவரைக் குறை சொன்னவர்கள் உண்டு. விஜயலக்ஷ்மி பண்டிட் அதே ஊரில் மகாநாட்டுக்கு வெளியே நின்றுகொண்டு, இவர்கள் இந்தியாவின் குரல் அல்ல என்று முழங்கினார். இரண்டு பேர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. எப்படியானாலும் ஜூன் 26-இல் சாஸனத்தில் இந்தியாவுக்காக விழுந்த கையெழுத்து ஒரு தமிழருடையது.

வாண்டன்பர்க் அங்கே சும்மா இருக்கவில்லை. ஒரு நாட்டைத் தாக்கினால் அது தனியாகவோ, கூட்டாளிகளோடு சேர்ந்தோ தற்காத்துக்கொள்ளலாம் என்று சொல்லும் 51-ஆம் விதி உண்டாவதற்கு மல்லுக்கு நின்றவர்களில் அவர் முக்கியமானவர். சாஸனம் ஸெனட்டுக்கு வந்தது. 1920-இல் ஏழு ஓட்டுக் குறைந்த அதே சபை. 1945 ஜூலை 28-இல் ஆதரவு 89, எதிர்ப்பு 2.

அடுத்த நாலு வருஷம் அவர் வாழ்வின் உச்சம். 1946 தேர்தலில் குடியரசுக் கட்சி இரண்டு சபைகளையும் பிடித்தது. டெக்ஸாஸ் ஜனநாயகக் கட்சிக்காரரான டாம் கானலி எழுந்துகொள்ள, அயல்நாட்டு உறவுக் கமிட்டியின் நாற்காலியில் வாண்டன்பர்க் உட்கார்ந்தார். இரண்டு வருஷம் கழித்து அவர் எழுந்து, கானலி மறுபடி உட்கார்ந்தார். ஆள் மாறியதே தவிர, போகிற பாதை மாறவில்லை. நம்முடைய அரசியல் சண்டை கடற்கரையோடு நிற்கட்டும். கடலுக்கு அப்பால் ஒரே தேசமாகப் பேசுவோம் என்பது அவர் நடத்திக் காட்டிய கொள்கை.

நடத்தியது எப்படி என்பதுதான் சுவாரஸ்யம். 1947-இல் கிரீஸுக்கும் துருக்கிக்கும் 40 கோடி டாலர் உதவி என்று ட்ரூமன் கேட்டார். ஐக்கிய நாடுகளைக் கேட்காமல் செய்வதா என்று ஒரே கூச்சல். வாண்டன்பர்க் ஒரு திருத்தம் போட்டார்: இந்த உதவி வேண்டியதில்லை என்று ஐக்கிய நாடுகள் சபை சொன்னால் நிறுத்திவிடுவோம், அதைத் தடுக்க எங்கள் ரத்து அதிகாரத்தை உபயோகிக்க மாட்டோம். கூச்சல் அடங்கியது. ராஜாங்க இலாகாவிலிருந்த டீன் அச்சிசன் இதை எல்லாம் கிண்டலாக எழுதியிருக்கிறார். எந்த யோசனை வந்தாலும் வாண்டன்பர்க் முதலில் முகத்தைச் சுளிப்பாராம். பிறகு கொஞ்ச காலம் அடைகாப்பாராம். கடைசியில் தம் முத்திரையைக் குத்தித் திருத்தம் ஒன்று கொண்டுவந்து, தம் குழந்தை என்று ஊரெல்லாம் காட்டுவாராம். எனக்கு ஒரு பத்திரிகாசிரியர் ஞாபகம் வந்தார். தலைப்பை மாற்றாமல் அவர் எந்தக் கதையையும் போட்டதில்லை. மாற்றிய பிறகு அந்தக் கதைக்காக முதலாளியிடம் உயிரைக் கொடுத்துச் சண்டை போடுவார். தலைப்புப் போனால் போகட்டும் என்று விட்டவர்களின் கதைகள் வெளிவந்தன.

மார்ஷல் திட்டத்தில் இந்த வித்தை முழுசாகத் தெரிகிறது. சீரழிந்த ஐரோப்பாவைத் தூக்கி நிறுத்த நாலு வருஷத்தில் 1,700 கோடி டாலர் வேண்டும் என்றது சர்க்கார். அந்தத் தொகையைக் கேட்டால் தம் கட்சிக்காரர்கள் மயக்கம் போட்டு விழுவார்கள் என்று அவருக்குத் தெரியும். மொத்தத் தொகையை மசோதாவிலிருந்து எடுக்கச் சொன்னார்; முதல் பன்னிரண்டு மாசத்துக்கு 530 கோடி என்று மட்டும் வைத்தார். வெளியிலிருந்து வியாபாரிகளையும் நிபுணர்களையும் கொண்டு கணக்குப் பார்க்கச் செய்தார். பணத்தை நிர்வகிக்க ட்ரூமன் அச்சிசனை நினைத்திருந்தார்; இலாகா ஆள் வந்தால் ஸெனட் ஒப்பாது என்பதால், ஸ்டூடிபேக்கர் மோட்டார்க் கம்பெனித் தலைவர் பால் ஹாப்மன், அதுவும் குடியரசுக் கட்சிக்காரர், நியமனம் ஆனார். 1948 மார்ச் 1-இல் வாண்டன்பர்க் மசோதாவை ஆதரித்துப் பேசினார். செக்கோஸ்லோவேகியா கம்யூனிஸ்டுகள் கைக்குப் போய்ச் சில நாட்களே ஆகியிருந்தன. இரண்டு வாரத்தில் 69-க்கு 17 என்று நிறைவேறியது. அதே வருஷம் ஜூனில் அவர் பேரால் வந்த தீர்மானந்தான், 51-ஆம் விதியைப் பிடித்துக்கொண்டு, 1949 ஏப்ரலில் கையெழுத்தான வட அட்லாண்டிக் ஒப்பந்தத்துக்கு வழி விட்டது. சமாதான காலத்தில் ஐரோப்பாவோடு ராணுவக் கூட்டு! 1941-இன் வாண்டன்பர்க் இதைக் கேட்டிருந்தால் சுருட்டை விழுங்கியிருப்பார்.

இதெல்லாம் நன்மைக்கே என்று நான் கையெழுத்துப் போடத் தயாராக இல்லை. எதிர்க்கட்சிக்காரன் கேள்வி கேட்பதைக் கடற்கரையோடு நிறுத்திக்கொண்டால், கடலுக்கு அப்பால் நடக்கிற அக்கிரமத்தை யார் கேட்பது? 1964-இல் வியட்நாமில் இஷ்டம்போல் நடந்துகொள்ளப் பிரஸிடெண்ட் ஜான்ஸனுக்கு அதிகாரம் கொடுத்த தீர்மானம், ஸெனட்டில் 88-க்கு 2 என்று நிறைவேறியது. அந்த எண்ணிக்கையைப் பார்க்கும்போது 1945-இன் 89-க்கு 2 ஞாபகம் வந்து வயிற்றைக் கலக்குகிறது. வாண்டன்பர்க்குக்காக ஒன்று சொல்லலாம்: ஒற்றுமை என்றால் வாயை மூடிக்கொள்வது என்று அவர் ஒருநாளும் அர்த்தம் செய்யவில்லை. முதலிலேயே எங்களைக் கூப்பிட்டுக் கலந்துகொள்ளுங்கள், சபையில் எல்லாவற்றையும் போட்டு உடைத்துப் பேசுவோம், பிறகு சேர்ந்து போவோம் என்பது அவர் நிபந்தனை. சீனா விஷயத்தில் தம்மைக் கலக்கவில்லை, ஆகையால் அது இந்தக் கூட்டுக் கொள்கையில் சேராது என்று கறாராகச் சொன்னார். அவருக்குப் பின்னால் வந்தவர்கள் ஒற்றுமையை எடுத்துக்கொண்டார்கள், நிபந்தனையை விட்டுவிட்டார்கள்.

1949 அக்டோபரில் நுரையீரலில் அறுவை நடந்தது. புற்றுநோய். 1950-இல் மனைவி ஹேஸல் காலமானார். படுத்த படுக்கையிலிருந்து கடிதம் கடிதமாக எழுதிக்கொண்டிருந்தார் மனிதர். 1951 ஏப்ரல் 18-இல், பிறந்த ஊரிலேயே கண்ணை மூடினார். 2004-இல் அவருடைய படத்தை ஸெனட்டின் வரவேற்பு அறையில் வைத்தார்கள். அந்தக் கத்தரித்து ஒட்டிய நோட்டுகள் மிச்சிகன் சர்வகலாசாலையின் ஆவணசாலையில் இருக்கின்றன. ஊருக்கெல்லாம் தெரிய மாறின பிறகும், தாம் முன்னால் பேசியதை எல்லாம் அவர் கிழித்துப் போட்டுவிடவில்லை.

புஸ்தகத்தை மூடி வைத்த அன்று சாயங்காலம் பதிப்பாளர் டெலிபோன் செய்தார்.

“ஸார், அந்த ஏழாவது கட்டுரையை எடுத்துடலாமா? இப்ப நீங்க பேசறதுக்கும் அதுக்கும் ஒட்டலையே. எடுத்தா பாரக் கணக்கும் சரியா வருது. காகிதம் மிச்சம்.”

“இருக்கட்டும். திருத்த வேண்டாம். அடியிலே வருஷத்தை மட்டும் போடுங்க.”

“அந்தப் போஸ்ட்மாஸ்டர் வரி?”

“அதுவும் இருக்கட்டும்.”

அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “உங்க இஷ்டம்” என்றார். அந்த இரண்டு சொல்லில் அவருடைய அபிப்பிராயம் முழுசாக இருந்தது.

போன ஞாயிற்றுக்கிழமை கும்பகோணம் போனேன். போஸ்ட்மாஸ்டர் காலமாகிப் பதினோரு வருஷம் ஆகிறது. வீட்டில் மகள் இருக்கிறாள். என்னைவிட இரண்டு மூன்று வயசு பெரியவள். நான் வாசலில் நின்று, அந்த நோட்டுகளைப் பார்க்க முடியுமா என்று கேட்டதும், “எந்த நோட்டு?” என்று கேட்கவில்லை. “வாங்க” என்று உள்ளே போய்ப் பழைய டிரங்குப் பெட்டியை இழுத்துக்கொண்டு வந்தாள்.

மொத்தம் ஐந்து நோட்டு. இரண்டைக் கரையான் தின்றுவிட்டது. மூன்று முழுசாக இருக்கின்றன. முதல் நோட்டின் தேதி என் கட்டுரைக்கு நாலு வருஷம் முந்தியது. மூன்றாவது நோட்டு, கட்டுரை வந்த மாதத்தைத் தாண்டிப் போகிறது. கட்டுரை வந்த வாரத்தில் மட்டும் ஒன்பது நாள் எழுத்து இல்லை. பத்தாம் நாள், பாதியில் நின்ற வாக்கியத்தின் நடுவிலிருந்து, வேறு மசியில், அதே குண்டுக் கையெழுத்து மறுபடி தொடங்குகிறது.

“அப்பா கடைசி வரைக்கும் எழுதிக்கிட்டுத்தான் இருந்தாங்க” என்றாள். “முடிச்சாங்களான்னு எனக்குத் தெரியல. நீங்க படிச்சுப் பாத்து சொல்லுங்க.”

காப்பி கொண்டு வருகிறேன் என்று உள்ளே போனாள். நான் சட்டைப்பையில் பென்சிலைத் தேடினேன்.